கல்லூரிக் கதவைத் திறந்த கால்பந்து!

முத்துக் கரை வாலிபர்கள் பல்கலைக்கழகச் சட்டை அணிந்த கதை

தூத்துக்குடி என்றால் முத்து. தூத்துக்குடி என்றால் உப்பு. தூத்துக்குடி என்றால் கப்பல். இது எல்லோருக்கும் தெரியும்.

தூத்துக்குடி என்றால் கால்பந்தும்தான்! இது வெளியூர்க்காரர்கள் பலருக்குத் தெரியாது.

வடக்கே வேம்பாரில் தொடங்குங்கள். தருவைகுளம், தூத்துக்குடி, புன்னைக்காயல், காயல்பட்டினம், வீரபாண்டியன்பட்டினம், மணப்பாடு, பெரியதாழை என்று கடற்கரை ஓரமாகவே தெற்கே போய்ப் பாருங்கள். வெயில் தாழ்ந்ததும் பையன்கள் பந்தோடு வெளியே வந்து விடுவார்கள். இரண்டு கல் வைத்தால் ஒரு கோல். இன்னும் இரண்டு கல் வைத்தால் எதிர்க் கோல். ஆட்டம் தொடங்கி விடும்!

இதே மாவட்டத்தில் உள்நாட்டில் இருக்கும் கோவில்பட்டியில் ஆக்கிதான் ராஜா. அங்கே சின்னப் பையன் கையிலும் மட்டை இருக்கும். கடற்கரைக்கு வந்தால் மட்டை கிடையாது. காலும் பந்தும்தான்.

"ஏலே, பந்து சோறு போடுமா?" என்று மகனைக் கேட்காத தாய் இந்தக் கரையில் இருக்க மாட்டாள்.

நியாயமான கேள்விதான். அதற்குப் பதில் சொல்ல வேண்டுமானால், பல்கலைக்கழகக் கால்பந்தின் கதையைச் சொல்ல வேண்டும். அந்தக் கதை இங்கிலாந்தில் தொடங்கி, கல்கத்தா வழியாக, தாமிரபரணிக் கரைக்கு வருகிறது!

மாணவர்கள் எழுதிய சட்டம்

கால்பந்துக்கு முதன்முதலில் எழுத்தில் சட்டம் வகுத்தவர்களில் முக்கியமானவர்கள் யார் தெரியுமா? ராஜாக்கள் அல்ல, மந்திரிகள் அல்ல. கல்லூரி மாணவர்கள்!

அந்தக் காலத்து இங்கிலாந்தில் பள்ளிக்கூடத்துக்கு ஒரு விதமாகப் பந்து ஆடினார்கள். ஒரு பள்ளியில் பந்தைக் கையால் தூக்கிக் கொண்டு ஓடலாம். இன்னொரு பள்ளியில் கையால் தொட்டாலே தப்பு. இந்தப் பையன்கள் எல்லோரும் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் வந்து சேர்ந்தார்கள். மைதானத்தில் இறங்கினால் ஆட்டத்தை விடச் சண்டைதான் அதிகம்!

1848-ல் அந்த மாணவர்கள் ஒன்றாக உட்கார்ந்து பொதுவான விதிகளை எழுதினார்கள். 1863-ல் லண்டனில் கால்பந்துச் சங்கம் அமைந்தபோது, கேம்பிரிட்ஜ் விதிகளும் கை கொடுத்தன.

1874-ல் இன்னொரு அதிசயம் நடந்தது. இங்கிலாந்தின் பெரிய கோப்பையான எப்.ஏ. கோப்பையை ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழக மாணவர்கள் வென்றார்கள். இறுதி ஆட்டத்தில் அவர்கள் தோற்கடித்தது ராணுவ என்ஜினீயர்களின் அணியை!

ஆகவே, கால்பந்துக்கும் கல்லூரிக்கும் உள்ள உறவு இன்று நேற்று வந்தது அல்ல.

கல்கத்தாவில் ஒரு சிறுவன்

நம் நாட்டில் கால்பந்தை முதலில் ஆடியவர்கள் வெள்ளைக்காரச் சிப்பாய்களும் மாலுமிகளும். நம்மவர்கள் கோட்டுக்கு வெளியே நின்று வேடிக்கை பார்த்தார்கள்.

1877-ல் கல்கத்தாவில் நாகேந்திர பிரசாத் சர்வாதிகாரி என்ற சிறுவன் சிப்பாய்கள் ஆடுவதைப் பார்த்தான். பந்து அவனிடம் உருண்டு வந்தது. ஓங்கி உதைத்தான். அன்று பிடித்த ஆசை விடவில்லை. பள்ளித் தோழர்களைச் சேர்த்துக் காசு போட்டுப் பந்து வாங்கினான். வாங்கிய பிறகுதான் தெரிந்தது, அது ரக்பி ஆட்டத்துப் பந்து என்று! மாநிலக் கல்லூரிப் பேராசிரியர் ஸ்டாக் என்பவர் அதைப் பார்த்துச் சிரித்து விட்டு, சரியான பந்தைக் கொடுத்து ஆடவும் கற்றுக் கொடுத்தார் என்று சொல்லுவார்கள்.

1911-ல் மோகன் பகான் அணி, கிழக்கு யார்க்ஷயர் ராணுவ அணியை 2-1 என்ற கோல் கணக்கில் வென்று கேடயத்தைப் பறித்தது. நாடே கொண்டாடியது. வெற்றி பெற்றவர்களில் பத்துப் பேர் வெறுங்காலோடு ஆடினார்கள். பூட்ஸ் போட்டவர் ஒரே ஒருவர். அவர் பெயர் சுதிர் சட்டர்ஜி. அவர் கல்லூரி ஆசிரியர்!

கல்கத்தாவும் துறைமுகம். தூத்துக்குடியும் துறைமுகம். கப்பல் வந்து போகும் ஊருக்குச் சரக்கு மட்டுமா வரும்? விளையாட்டும் வரும்.

ஆனால், பையன்களுக்கு முறையாகப் பந்து ஆடச் சொல்லிக் கொடுக்கும் இடம் பள்ளிக்கூடம்தான். தூத்துக்குடியில் ஏசு சபைப் பாதிரிமார்களின் புனித சவேரியார் பள்ளி 1884-ல் தொடங்கியது. மணலில் ஆடிய ஆட்டம் மைதானத்துக்கு ஏறுவது இப்படிப்பட்ட பள்ளிகளில்தான். கோடு போட்ட மைதானம், ஊதல் வைத்த நடுவர், பதினோரு பேருக்குப் பதினோரு இடம் எல்லாம் அங்கே பழகும்.

கயிறு பிடித்த கை

கடற்கரைப் பையனுக்கு இந்த ஆட்டம் ஏன் சீக்கிரம் வருகிறது? அவன் வளரும் விதம் அப்படி.

மணலில் பந்து தானாக உருளாது. பலமாக உதைத்தால்தான் நகரும். மணலில் ஓடினால் கால் புதையும். ஆகவே, தொடையும் கெண்டைக்காலும் உரம் ஏறும். அதே கால் கெட்டித் தரையில் இறங்கும்போது குதிரை மாதிரி ஓடும்!

இன்னொரு காரணம், கூட்டு வேலை. முத்துக்குளிப்பையே எடுத்துக் கொள்ளுங்கள். ஒருவன் கல்லைக் கட்டிக் கொண்டு கடலுக்குள் இறங்குவான். மூச்சை அடக்கிக் கொண்டு சிப்பியை அள்ளுவான். மேலே தோணியில் ஒருவன் கயிற்றைப் பிடித்துக் கொண்டு நிற்பான். கீழே இருப்பவன் கயிற்றை அசைத்ததும் மேலே இருப்பவன் தூக்க வேண்டும். ஒரு நொடி அசந்தால் உயிர் போய் விடும். அதனால்தான் கயிறு பிடிக்க மைத்துனனை நிறுத்துவார்கள் என்று ஒரு பேச்சு உண்டு. தங்கை தாலிக்குப் பயந்தாவது கயிற்றை விட மாட்டான் அல்லவா?

வலை இழுப்பதும் அப்படித்தான். ஒருவன் பலசாலியாக இருந்தால் போதாது. எல்லோரும் ஒரே நேரத்தில் இழுக்க வேண்டும். கால்பந்தும் அதே பாடத்தைத்தான் சொல்கிறது.

தூத்துக்குடிக் கடலில் அரசு நடத்திய முத்துக்குளிப்பு 1961-ம் ஆண்டோடு நின்று விட்டது. முத்து நின்றது. பந்து நிற்கவில்லை!

காயல்பட்டினத்துக் கோப்பை

பந்துக்கு மதமும் கிடையாது. பரதவர் ஊர்களில் மாதா கோயில் அருகே ஆட்டம் நடக்கிறது. காயல்பட்டினம் முஸ்லிம்கள் நிறைந்த ஊர். அங்கே ஐக்கிய விளையாட்டுச் சங்கம், மவுலானா அபுல் கலாம் ஆசாத் பெயரில் அகில இந்தியக் கால்பந்துப் போட்டியை நடத்தி வந்திருக்கிறது. வெளி மாநில அணிகள் அந்தச் சின்ன ஊருக்கு வந்து ஆடியிருக்கின்றன. பெரிய பெரிய ஆட்டக்காரர்களை ஊர்ப் பிள்ளைகள் கோட்டருகே உட்கார்ந்து பார்த்து வளர்ந்தார்கள்.

பார்த்துப் பழகிய பிள்ளை, பள்ளியிலும் நன்றாக ஆடினான். சரி, பள்ளி முடிந்ததும்?

அங்கேதான் சிக்கல். பெரும்பாலோர் அப்பாவோடு கடலுக்குப் போனார்கள். அல்லது துறைமுக வேலைக்கும் மில் வேலைக்கும் போனார்கள். பந்து மூலைக்குப் போனது.

அறுநூறு கிலோமீட்டர் தள்ளி ஒரு பல்கலைக்கழகம்

தூத்துக்குடியில் பெண்களுக்கான புனித மேரி கல்லூரி 1948-ல் வந்து விட்டது. ஆனால், ஆண் பிள்ளைகள் கல்லூரியில் சேர வேண்டுமானால் பாளையங்கோட்டைக்கோ திருநெல்வேலிக்கோதான் போக வேண்டும். பாளையங்கோட்டையில் 1878-ல் தொடங்கிய புனித யோவான் கல்லூரியும், 1923-ல் தொடங்கிய புனித சவேரியார் கல்லூரியும் இருந்தன. "தென்னாட்டு ஆக்ஸ்போர்டு" என்று அந்த ஊருக்குப் பெயர். ஆனால், ஆக்ஸ்போர்டில் தங்கிப் படிக்கக் காசு வேண்டுமே! மீனவர் வீட்டில் அது ஏது?

1951-ல் தூத்துக்குடியிலேயே ஒரு கல்லூரி பிறந்தது. கப்பலோட்டிய தமிழர் வ.உ.சிதம்பரனாரின் பெயர் அதற்கு வைக்கப்பட்டது. வெள்ளைக்காரக் கம்பெனிக்குப் போட்டியாக 1906-ல் சுதேசிக் கப்பல் கம்பெனி கண்டவர் அல்லவா அவர்! ஊர்ப் பிள்ளைகள் வீட்டுச் சோறு தின்று கொண்டே கல்லூரிக்குப் போகும் காலம் வந்தது. பட்டணத்துப் பிள்ளைகளுக்கு நிகராகக் கல்லூரிப் பனியன் போட்டுப் பந்து ஆடும் காலமும் வந்தது.

ஆனாலும் ஒரு தடை இருந்தது. அந்தக் கல்லூரி சென்னைப் பல்கலைக்கழகத்தோடு இணைந்தது. 1857-ல் தோன்றிய பழம் பெரும் பல்கலைக்கழகம் அது. சென்னை, கோவை, திருச்சி, மதுரை, நெல்லை என்று மாநிலத்தின் பெரும்பாலான கல்லூரிகள் அதன் கீழ் இருந்தன. அத்தனை கல்லூரிகளுக்கும் சேர்த்து ஒரே ஒரு பல்கலைக்கழக அணி. அணியில் களம் இறங்குவது பதினோரு பேர்!

தூத்துக்குடியில் இருந்து சென்னை சுமார் 600 கிலோமீட்டர். தேர்வுக்குப் போய் வரவே ரயில் சத்தம் கையைக் கடிக்கும். எத்தனை பேரால் முடியும்?

பல்கலைக்கழகம் நகர்ந்து வந்தது!

1966-ல் மதுரைப் பல்கலைக்கழகம் தோன்றியது. மதுரை, ராமநாதபுரம், திருநெல்வேலி, கன்னியாகுமரி மாவட்டக் கல்லூரிகள் அதன் கீழ் வந்தன. அதே ஆண்டில் தூத்துக்குடியில் காமராஜ் கல்லூரியும் தொடங்கியது. 1965-ல் திருச்செந்தூரில் ஆதித்தனார் கல்லூரி வந்திருந்தது. 600 கிலோமீட்டர் தள்ளி இருந்த பல்கலைக்கழகம், சுமார் 140 கிலோமீட்டருக்கு நெருங்கி விட்டது!

1974-ல் தூத்துக்குடிப் புதுத் துறைமுகம் பெரிய துறைமுகம் ஆயிற்று. அதற்கு முன்பு கப்பல்கள் கரைக்கு வர முடியாது. கடலில் சில மைல் தள்ளி நங்கூரம் போடும். தோணிகள்தான் சரக்கை ஏற்றி இறக்கும். துறைமுகம் வந்தது, வேலைகள் வந்தன. அந்த வேலைகளுக்குப் படிப்பும் தேவைப்பட்டது.

1986-ல் நெல்லை மாவட்டத்தில் இருந்து பிரிந்து தூத்துக்குடி தனி மாவட்டம் ஆயிற்று. 1990-ல் திருநெல்வேலியிலேயே ஒரு பல்கலைக்கழகம் பிறந்தது. "மனோன்மணீயம்" நாடகத்தை எழுதிய சுந்தரனாரின் பெயர் அதற்குச் சூட்டப்பட்டது. நமது தமிழ்த்தாய் வாழ்த்து அந்த நூலில் இருந்து எடுக்கப்பட்டதுதான்.

திருநெல்வேலி, தூத்துக்குடி, கன்னியாகுமரி மாவட்டக் கல்லூரிகள் மனோன்மணீயம் சுந்தரனார் பல்கலைக்கழகத்தின் கீழ் வந்தன. தூத்துக்குடியில் இருந்து திருநெல்வேலி சுமார் 50 கிலோமீட்டர்தான். காலையில் பஸ் ஏறினால், அணித் தேர்வில் ஆடி விட்டு ராத்திரிச் சாப்பாட்டுக்கு வீடு திரும்பலாம்!

வரைபடத்தை எடுத்துப் பாருங்கள். வேம்பாரில் இருந்து கன்னியாகுமரி சுற்றி, கேரள எல்லை வரை, முத்துக் கரையும் மீன் கரையும் ஒரே பல்கலைக்கழகத்தின் எல்லைக்குள் வந்து விட்டன. மணலில் பந்து ஆடும் ஊர்களை எல்லாம் ஒரே நூலில் கோத்த மாதிரி!

தூத்தூரைப் பாருங்கள்

இந்தப் பல்கலைக்கழக எல்லையின் மேற்குக் கோடியில் தூத்தூர் இருக்கிறது. பெயர் தூத்துக்குடி மாதிரியே ஒலித்தாலும், இது கன்னியாகுமரி மாவட்டத்து ஊர். நீரோடியில் இருந்து இரயுமன்துறை வரை வரிசையாக எட்டுக் கடற்கரைக் கிராமங்கள். ஆழ்கடலில் சுறா பிடிப்பதில் இந்த ஊர்க்காரர்கள் சூரர்கள். கால்பந்திலும் சூரர்கள். ஊரின் புனித யூதா கல்லூரியும் இந்தப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்ததுதான்.

இந்த எட்டுக் கிராமங்களில் ஒன்றான இரவிபுத்தன்துறையில் பிறந்தவர்தான் மைக்கேல் சூசைராஜ். சென்னை சிட்டி, ஜாம்ஷெட்பூர், கல்கத்தாவின் ஏ.டி.கே. ஆகிய பெரிய அணிகளுக்கு ஆடினார். 2019-ல் இந்திய நாட்டின் சட்டையையே அணிந்தார்!

இந்தக் கிராமங்களுக்கு ஒரு கறுப்பு நாளும் உண்டு. 2017 நவம்பர் 30-ம் தேதி ஓகி புயல் வீசியது. ஆழ்கடலில் இருந்த பல வாலிபர்கள் திரும்பவே இல்லை. வீட்டுக்கு வீடு ஒப்பாரி. "என் பிள்ளை கரையில் ஒரு வேலை பார்த்தால் போதும்" என்று ஏங்காத தாய்மார் அங்கே குறைவு.

கரையில் ஒரு வேலை! பல்கலைக்கழகச் சட்டையின் மதிப்பு இங்கேதான் இருக்கிறது.

அந்தச் சட்டை எப்படிக் கிடைக்கும்?

முதலில் கல்லூரி அணியில் இடம் பிடிக்க வேண்டும். கல்லூரிக்கும் கல்லூரிக்கும் போட்டி நடக்கும். அதில் நன்றாக ஆடுகிறவர்களைத் தேர்வாளர்கள் குறித்துக் கொள்வார்கள். அவர்களை அழைத்துப் பயிற்சி முகாம் நடத்துவார்கள். அதில் வடிகட்டி, கடைசியில் பல்கலைக்கழக அணியை அறிவிப்பார்கள்.

அந்த அணி, தென் மண்டலப் பல்கலைக்கழகங்களோடு மோத வேண்டும். கேரளம், கர்நாடகம், ஆந்திரம் எல்லாம் வரும். தொடக்கச் சுற்றுகளில் ஒரு ஆட்டம் தோற்றால் மூட்டை கட்ட வேண்டியதுதான். மேலே வருகிற அணிகள் அகில இந்தியப் போட்டிக்குப் போகும்.

அகில இந்தியப் பல்கலைக்கழகக் கால்பந்துக் கோப்பைக்குச் சர் அசுதோஷ் முகர்ஜி கோப்பை என்று பெயர். கல்கத்தாப் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தராக இருந்து, "வங்கப் புலி" என்று பெயர் எடுத்தவர் அவர். இந்தப் போட்டி 1941-ல் தொடங்கியது. மாநிலங்களுக்கு இடையே நடக்கும் சந்தோஷ் கோப்பைப் போட்டி தொடங்கியதும் அதே ஆண்டில்தான்.

புதிய பல்கலைக்கழகம் ஆயிற்றே, பழையவர்களோடு மோத முடியுமா என்று அஞ்ச வேண்டாம். கேரளத்தின் கோழிக்கோடு பல்கலைக்கழகம் 1968-ல்தான் பிறந்தது. மூன்றே ஆண்டில், 1971-ல், அசுதோஷ் கோப்பையை வென்று விட்டது! அந்த அணியின் தலைவர் கோல் கீப்பர் விக்டர் மஞ்ஞிலா. பிறகு 1973-ல் கேரளம் முதன்முறையாகச் சந்தோஷ் கோப்பையை வென்றபோது அந்த அணியிலும் அவர் இருந்தார். கோழிக்கோடும் கடற்கரைதான்!

டாக்டர் ஆன தலைவர்

"பந்து ஆடினால் படிப்பு கெட்டுப் போகும்" என்று பெற்றோர் சொல்வது வழக்கம். அவர்கள் டாக்டர் தாலிமெரன் ஆவோவின் கதையைக் கேட்க வேண்டும்.

இவர் நாகா மலையில் பிறந்தவர். தந்தை சாகும் தருவாயில், "நீ டாக்டர் ஆகி மக்களுக்குத் தொண்டு செய்" என்று கேட்டுக் கொண்டார். பையன் கவுகாத்தியில் உள்ள காட்டன் கல்லூரியில் படித்தான். பிறகு கல்கத்தாவில் கார்மைக்கேல் மருத்துவக் கல்லூரியில் சேர்ந்தான். படித்துக் கொண்டே மோகன் பகான் அணிக்குப் பந்து ஆடினான்.

1948-ல் லண்டன் ஒலிம்பிக்ஸ். சுதந்திர இந்தியாவின் முதல் ஒலிம்பிக் கால்பந்து அணி. அதற்குத் தலைவர் இந்த மருத்துவ மாணவர்! பிரான்சு நாட்டோடு மோதினார்கள். நம்மவர்கள் பெரும்பாலோர் வெறுங்காலோடு ஆடினார்கள். சாரங்கபாணி ராமன் ஒரு கோல் போட்டார். இரண்டு பெனால்டி வாய்ப்புகள் வீணாயின. கடைசி நேரத்தில் பிரான்சு ஒரு கோல் போட்டு 2-1 என்று வென்றது. தோற்றாலும் பார்த்தவர்கள் கை தட்டினார்கள்.

அதன் பிறகு தாலிமெரன் என்ன செய்தார்? படிப்பை முடித்தார். டாக்டர் பட்டத்தோடு சொந்த மலைக்குத் திரும்பினார். நாகாலாந்தின் சுகாதாரத் துறை இயக்குநர் பதவி வரை உயர்ந்தார். தந்தையின் சொல்லைக் காப்பாற்றினார்!

கல்கத்தாப் பல்கலைக்கழகத்தில் கால்பந்துக்கும் கிரிக்கெட்டுக்கும் தலைவராக இருந்தவர் சுனி கோஸ்வாமி. 1962-ல் ஜகார்த்தாவில் ஆசிய விளையாட்டுத் தங்கப் பதக்கம் வென்ற இந்தியக் கால்பந்து அணிக்கும் அவர்தான் தலைவர். படிப்பும் பந்தும் பகையாளிகள் அல்ல என்பதற்கு இதை விட என்ன சாட்சி வேண்டும்?

வெறுங்காலும் பூட்சும்

மணலில் ஆடிப் பழகிய பையனுக்குப் பூட்ஸ் முதலில் விலங்கு மாதிரி இருக்கும். பந்து காலில் படுவதே தெரியாது. கட்டை விரல் தேயும், குதிகால் புண்ணாகும்.

ஆனால், பூட்ஸ் இல்லாமல் இன்று ஆட முடியாது. 1952-ல் ஹெல்சிங்கி ஒலிம்பிக்சில் குளிரும் ஈரமுமான மைதானத்தில் நம்மவர்கள் பலர் வெறுங்காலோடு இறங்கினார்கள். யூகோஸ்லாவியா 10-1 என்று நம்மை நசுக்கியது. அதன் பிறகு பூட்ஸ் கட்டாயம் ஆயிற்று.

ஆகவே, கல்லூரி மாணவன் முதலாண்டிலேயே பூட்சுக்குக் காலைப் பழக்க வேண்டும். ஒரு ஜோடி நல்ல பூட்ஸ், முட்டை, பால், வாழைப்பழம். இந்தச் செலவுக்குத்தான் பல வீடுகளில் திண்டாட்டம். அணியில் சேர்ந்து விட்டால் பூட்சும் சட்டையும் கொடுக்கிற கல்லூரிகள் உண்டு. விளையாட்டு வீரர்களுக்கு என்று இடம் ஒதுக்குகிற கல்லூரிகளும் உண்டு. கேட்டுத் தெரிந்து கொள்ள வேண்டும்.

ஒரு தாளின் மதிப்பு

இனி, தாய்மார்களின் கேள்விக்கு வருவோம். பந்து சோறு போடுமா?

மத்திய அரசு வேலைகளில் விளையாட்டு வீரர்களை எடுப்பதற்கு விதிகள் இருக்கின்றன. நாட்டுக்கோ மாநிலத்துக்கோ ஆடியவர்களுக்கு மட்டும்தான் வேலை என்று பலர் எண்ணுகிறார்கள். அது தவறு! பல்கலைக்கழகங்களுக்கு இடையே நடக்கும் போட்டியில், தன் பல்கலைக்கழகத்துக்காக ஆடியவரும் அந்த விதிப்படி தகுதி உள்ளவர்தான். ரயில்வே, அஞ்சல் போன்ற துறைகள் விளையாட்டு ஒதுக்கீட்டில் ஆள் எடுத்து வருகின்றன. தமிழ்நாடு அரசும் விளையாட்டு வீரர்களுக்கு வேலையில் இடம் ஒதுக்கி வருகிறது.

அதற்குத் தேவை ஒரு தாள். இன்ன ஆண்டில், இன்ன போட்டியில், இன்ன பல்கலைக்கழகத்துக்காக ஆடினார் என்று பல்கலைக்கழக விளையாட்டு அதிகாரி கையெழுத்துப் போட்ட சான்றிதழ். ஒரு தாள்தான். ஆனால், மீனவர் வீட்டுக்கு அது ஒரு வள்ளத்துக்குச் சமம்! அதைப் பரண் மேல் போட்டுக் கரையான் தின்ன விடக் கூடாது. பத்திரம் மாதிரிப் பெட்டியில் வைக்க வேண்டும்.

இன்னொரு விதியையும் பெற்றோர் தெரிந்து கொள்ள வேண்டும். பல்கலைக்கழகப் போட்டியில் ஆட வேண்டுமானால், கல்லூரியில் முறையாகப் படிக்கிற மாணவனாக இருக்க வேண்டும். வயது 17-க்கு மேல், 25-க்குள் இருக்க வேண்டும். பாதியில் படிப்பை விட்டுக் கடலுக்குப் போனால், சட்டையும் போய் விடும்.

இதன் பொருள் என்ன? பந்து ஆட ஆசைப்படுகிறவன் வகுப்பை விட முடியாது. வகுப்பை விடாதவன் பட்டம் வாங்காமல் வெளியே வர மாட்டான். படிப்பைக் கெடுக்கும் என்று நாம் பயந்த பந்தே, பையனைப் படிப்போடு சேர்த்துக் கட்டி வைக்கிறது!

எங்கே வழுக்குகிறது?

எல்லாம் நல்லபடியாக நடந்து விடுவது இல்லை.

மீன் பாடு நன்றாக இருக்கும் மாதங்களில், வள்ளத்தில் ஆள் குறையும். "ஒரு வாரம் வாலே" என்பார் மாமா. ஒரு வாரம் ஒரு மாதம் ஆகும். கையில் காசு புரளும். கல்லூரி வருகைப் பதிவு குறையும். பரீட்சை எழுத முடியாமல் போகும். நன்றாக ஆடக் கூடிய பையன்கள் வழுக்கி விழும் இடம் இதுதான். கிழக்குக் கரையில் மீன் பிடிக்கத் தடை உள்ள 61 நாட்களும், ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, பெரும்பாலும் கோடை விடுமுறையோடு ஒட்டி வருகின்றன. ஊர்ப் போட்டிகளுக்கு அது நல்ல காலம். ஆனால், கல்லூரிப் போட்டிகள் நடக்கும் மாதங்களில் கடலும் கூப்பிடும்!

இரண்டாவது, காயம். முழங்கால் பிசகினால் பையன் மாதக் கணக்கில் படுத்து விடுவான். பட்டம் இருந்தால் அவன் வேறு வேலை தேடிக் கொள்வான். பட்டம் இல்லாதவன் பாடு திண்டாட்டம்தான். பந்தை மட்டும் நம்பக் கூடாது என்று சொல்வது இதனால்தான்.

மூன்றாவது, மைதானம். மழை குறைந்த பூமி இது. பச்சைப் புல் மைதானம் வளர்ப்பது லேசான காரியம் அல்ல. தூத்துக்குடியில் சுதந்திர தின விழா நடக்கும் தருவை மைதானம் மாதிரியான பொது இடங்கள்தான் பிள்ளைகளுக்குக் கதி. இருக்கிற மைதானத்தைக் கண்ணாகக் காக்க வேண்டும். பொருட்காட்சி, பொதுக்கூட்டம் என்று குழி தோண்டினால், அந்தக் குழியில் விழுவது ஒரு பையனின் கணுக்கால்!

பெற்றோர் செய்ய வேண்டியது

பையன் பந்து ஆடுகிறானா? அடிக்க வேண்டாம். எந்த நேரம் ஆடுகிறான், எந்த நேரம் படிக்கிறான் என்று பாருங்கள். பள்ளி உடற்பயிற்சி ஆசிரியரைப் போய்ப் பாருங்கள். "இவன் தேறுவானா?" என்று கேளுங்கள். பிளஸ் டூ முடிந்ததும், கால்பந்து அணி உள்ள கல்லூரி எது, விளையாட்டு இடம் எத்தனை என்று விசாரியுங்கள். கல்லூரியில் சேர்ந்த பிறகு மூன்று ஆண்டும் கடல் வேலைக்குக் கூப்பிடாதீர்கள். மூன்றே மூன்று ஆண்டு!

சென்னையில் இருந்த பல்கலைக்கழகம் மதுரைக்கு வந்தது. மதுரையில் இருந்து நெல்லைக்கு வந்தது. 600 கிலோமீட்டர் 50 கிலோமீட்டர் ஆக நாற்பது ஆண்டுகள் பிடித்தன. கல்வி நம் வாசலுக்கு வந்து நிற்கிறது. மீதி இருக்கிற 50 கிலோமீட்டரை நம் பிள்ளைகள்தான் ஓடிக் கடக்க வேண்டும்.

பந்து மட்டும் சோறு போடாது. பந்தும் படிப்பும் சேர்ந்தால், தலைமுறைக்கே சோறு போடும்!